முன் படம்

இந்திராநகர் பன்னிரண்டாவது மெயின்,
பல் ஆஸ்பத்திரிக்கு மேல் மாடி.
கத்தி பிடிப்பவர் டாக்டர் ஷெணாய்.
கேமரா பிடிப்பவள் நான்.

முன் படத்துக்குத் தலைக்கு மேல் ஒற்றை ட்யூப்லைட்.
சிரிக்கக் கூடாது.
பொட்டு, கம்மல் எல்லாம் கழற்றி
எவர்சில்வர் ட்ரேயில் வைக்க வேண்டும்.
பின் படத்துக்கு ஜன்னலோரம்.
கம்மல் போட்டுக்கொள்ளலாம், லேசாகச் சிரிக்கலாம்.
பாதி அழகு அங்கேயே வந்துவிடும்.
அதற்கு பில் கிடையாது.

டிசம்பரில் வந்தாள் தேச்சம்மா, குடகுப் பெண்.
மூக்குத் தண்டில் ஒரு சின்ன மேடு,
விரல் வைத்தால்தான் தெரியும்.
எடுத்தார்கள். போனாள்.

ஜூனில் மறுபடி வந்தாள்,
மேட்டோடு.
வெட்டியது வளர்ந்துவிட்டதா என்று
ஒரு நிமிஷம் எனக்குக் கை ஓடவில்லை.
"நான் பூவம்மா. அவளுக்குப் பத்து நிமிஷம் இளையவள்."
போனை நீட்டினாள். நான் எடுத்த பின் படம்.
"இதே மாதிரி வேண்டும்.
கல்யாண வீட்டில் அவளைப் பார்க்கிறார்கள்,
அப்புறம் என்னைப் பார்க்கிறார்கள்.
நான் அவளுடைய முன் படமாம்."

ட்யூப்லைட்டைப் போட்டேன்.
நேர், இடம், வலம், முக்கால்.
டிசம்பர் கோப்பைத் திறந்து
பக்கத்தில் வைத்துப் பார்த்தேன்.
மயிரிழை மாற்றமில்லை.
இவளை நான் எடுத்திருக்கவே வேண்டாம்.
கண் மட்டும்தான் வேறு:
அவள் எதையோ கேட்டிருந்தாள்,
இவள் எதையோ திருப்பிக் கேட்கிறாள்.

எலும்பு சொன்ன பேச்சு கேட்காது
என்று டாக்டரே சொல்வார்.
கட்டுப் பிரித்தபோது
பூவம்மாவின் நுனி அரை மில்லி தூக்கல்.
ஜன்னலோரம் இருவரையும் சேர்த்து நிறுத்தினேன்.
தங்கை சிரித்தாள்.
அக்கா ஓரக்கண்ணால் பார்த்தாள்,
தன் மூக்கு நுனியைத் தொட்டபடி.
போகும்போது ரிசப்ஷனில் குனிந்து
அடுத்த தேதி எப்போது கிடைக்கும் என்று
விசாரித்தது அவள்தான்.

தினம் ஒன்பதரைக்கு
வெளிச்சம் சரிபார்க்க
என் முகத்தையே ஒன்று எடுப்பேன்.
நான்கு வருஷம், ஆயிரத்துச் சொச்சம்.
எல்லாம் ட்யூப்லைட்டில்.
எல்லாம் முன்.

அன்று பூட்டுவதற்கு முன்னால்
கம்மலோடு ஜன்னலோரம் போய் நின்றேன்.
மழைக்கட்டு. வெளிச்சம் போதவில்லை.
கேமராவைப் பையில் போட்டுவிட்டேன்.

அல்சூருக்கு ஒரே ஒரு மெட்ரோ நிறுத்தம்.
உட்கார இடம் இருந்தது.
நின்றுகொண்டே வந்தேன், கதவுக் கண்ணாடி முன்னால்.
நேர்,
இடம்,
வலம்,
முக்கால்.