பார்சல் கவுண்டர், நாகர்கோவில் சந்திப்பு

தராசில் பெட்டியோடு பதினொன்று நானூறு.
"உள்ள என்ன?" என்கிறார் தாணு அண்ணன்.
சைக்கிள்.
"முழுசாவா?"
எலும்பு மட்டும்.

அவருக்கு ஞாபகம் இருக்கும்.
கறுப்புக் கோட்டுக்குள் நான் வருவதற்கு முன்னால்
ரயில்வே பனியனில் என்னைப் பார்த்தவர்.
பத்து வருஷம் முன்பு இதே தராசில்
சுற்றிச் சுற்றி வந்து கேட்டார்,
"இதுக்கு பிரேக்கு எங்க பிள்ளே?"
கிடையாது அண்ணா.
சக்கரம் ஓடும்வரை கால் ஓடியாக வேண்டும்.
நடுவில் ஓய்வெடுக்க நினைத்தால்
அதுவே தூக்கி எறிந்துவிடும்.
"யாத்தீ" என்றார்.

செக் நாட்டுச் சட்டகம். எனக்கு வரும்போதே பழசு.
பட்டியாலாவில் ஒருவன்
பெரிய சாம்பியன் ஓட்டியது என்று விற்றான்.
குலசேகரத்தில் அப்பா மரம் மரமாகச் சுரண்டிய
மூன்று மாத ஒட்டுப்பால்.
மீதிக்கு ஒரு சீட்டு.
மேல்குழாயில் பெயர் இருந்தது:
யித்கா, அப்புறம் நீளமாக ஏதோ,
எழுத்துகளின் தலையில் குட்டிக் கொக்கிகள்,
கம்பியில் காக்கை உட்கார்ந்தது மாதிரி.
வாசிக்கத் தெரியவில்லை.
அழிக்கவும் கை வரவில்லை.

வெலோட்ரோம் எனக்கு வாரத்தில் இரண்டு நாள்.
விடியுமுன் திருவனந்தபுரம் பாசஞ்சர்,
சிமென்ட் வளைவு, மழை பெய்தால் பாசி.
மற்ற நாளெல்லாம் கடன் வாங்கிய ரோடு வண்டியில்
ஆரல்வாய்மொழிக் கணவாய்.
ஆடியில் பணகுடியிலிருந்து திரும்பிப் பாருங்கள்,
இறக்கத்திலும் மிதிக்க வேண்டும்.
அத்தனை காற்றாலையும் காற்றில் காசு பார்க்க
நான் ஒருத்தி மட்டும்
அதற்கு வட்டி கட்டிக்கொண்டிருந்தேன்.

தேசியப் போட்டியில் அறிவிப்பாளர்
தாளைப் பார்க்காமல் சட்டகத்தைப் பார்த்து வாசித்தார்:
"யித்கா, சதர்ன் ரயில்வே."
கேலரி சிரித்தது.
அந்த மூவாயிரம் மீட்டரை
இரண்டு பேராகத்தான் ஓட்டினேன்.
வெண்கலம்.
சான்றிதழில் பெல்சிட்டா என்று சரியாகத்தான் இருக்கிறது.

கீழ்க்குழாயின் இடப்பக்கம் ஒரு பள்ளம்,
அவள் விழுந்தது.
அதற்கு நாலு விரல் தள்ளி இன்னொன்று,
பாயின்ட்ஸ் ரேஸில்
ஹரியானாக்காரியின் பின்சக்கரத்தை
நான் தொட்ட நாள்.
காறை எலும்பு இரண்டு துண்டு.
தக்கலை ஆஸ்பத்திரியில் படுத்துக்கொண்டுதான்
முதன்முறை அவளைத் தேடினேன்.
எழுத்துக் கொக்கிகளை ஒவ்வொன்றாய் ஒட்டிப் பார்த்து
கடைசியில் கிடைத்தது
ஏதோ ஓர் ஊரின் முடிவுத்தாள், மங்கிய படம்.
ஏழாவது இடம்.
மறுவருஷம் பதினொன்று.
அதற்கடுத்து ஒரு சாலைப் போட்டி,
பெயருக்கு நேரே நேரம் இல்லை, ஒரு கோடு.
முடிக்கவில்லை போலும்.
பிறகு எங்குமே இல்லை.

சாம்பியன் என்று அவன் சொன்ன பொய்
உடைந்தபோது எனக்கு வந்த சந்தோஷத்தை
யாரிடம் சொல்வது?
கையில் கட்டோடு சிரித்தேன்.
நர்ஸ் எட்டிப் பார்த்தாள்.

அப்புறம் இன்னும் நான்கு சீசன்.
ஐந்தாவது, ஆறாவது, ஆறாவது,
ஒருமுறை எனக்கும் அந்தக் கோடு.
தென்காசி ரோட்டில், மதியம், தண்ணீர் தீர்ந்து,
பஞ்சர் வண்டிக்குள் ஏறி உட்கார்ந்தபோது
அவள் நகர்ந்து இடம் கொடுத்த மாதிரி இருந்தது.
வெயில் தலைக்கேறியிருந்தது,
அவ்வளவுதான்.

பிகானேரில் ஒருத்தி வாங்குகிறாள்.
போனில் இந்தி, பாதி எனக்குப் புரியவில்லை.
நம்பிக் காசை முதலிலேயே போட்டுவிட்டாள்.
சாம்பியன் ஓட்டியதா என்று கேட்டாள்.
இல்லை என்றேன்.
கொஞ்ச நேரம் பேச்சில்லை,
"டீக் ஹை" என்றாள்.
நேற்று ராத்திரி நகப்பூச்சால்
யித்காவுக்குக் கீழே என் பெயரைத் தமிழில் எழுதினேன்.
அவளுக்கு அதுவும் காக்கைதான்.

"மதிப்பு எவ்வளவு போட?"
ஒன்பதாயிரத்து இருநூறு.
"அவ்வளவுதானா?"
அவ்வளவுக்குத்தான் போனது அண்ணா.
"உடையுமா?"
இதுவரைக்கும் உடைந்தது நான்தான்.

சிரித்துக்கொண்டே முத்திரை குத்துகிறார்.
பெட்டியில் அம்புக்குறி தலைகீழாய் இருக்கிறது,
திருப்பி வைக்கிறார்.
இரண்டாம் நடைமேடையில் என் வண்டி வந்துவிட்டது.
டிக்கெட் இல்லாதவர்கள்
இந்நேரம் கழிவறைப் பக்கம் நகர்ந்திருப்பார்கள்.