காட்சி 32

பதினொரு வருஷம், நாலு திரைக்கதை.
மூன்று, கொழும்பு அலுமாரிகளில் தூங்குகின்றன.
நாலாவதில் எழுதியிருந்தேன்:
'வெளி. மஸ்கெலியா. பனிமூட்டம்.'

ஆறு நாள் வெயில் கொளுத்தியது.
ஏழாம் நாள் மூட்டம் இறங்கியபோது
கதாநாயகி கட்டுநாயக்கவில்.
"உள்ளே வைத்துக்கொள்ளலாம்" என்றார் இயக்குநர்.
பிரட்டுக்களத்துச் சண்டையை
ஹட்டன் லொட்ஜ் கட்டிலில் குந்தி
அறைக்குள் நடக்கவைத்தேன்.
தொரை முதலாளியானார்;
'தொரை' சென்னையில் புரியாதாம்.

படம் ஒன்பது நாள் ஓடியது.
கடைசி நாள்
கொழுந்து நிறுத்த கையோடு வந்தாள் அக்கா,
விரல்களில் கறை.
எழுத்து ஓடியது:
இயக்குநர் பெயர்,
பக்கத்தில் 'மற்றும்',
அப்புறம் பொடியாக நான்.

வாசலில் குடையை உதறிக்கொண்டே கேட்டாள்:
"ஏன்டா, ஒனக்கும் நிறுவ பத்தலையா?
அரப்பேருதான் போட்டிருக்கானுக."