கணக்கில் வராத பனி

கம்பெனிக் கடையின் கணக்கன் நான்.
பெயர் எர்மோகெனஸ். வயது முப்பத்தொன்று.
அட்டகாமாவின் நடுவில் வெடியுப்பு வெட்டும் முகாம் இது.
இங்கே பிறந்த பிள்ளைகளுக்கு
மழை என்பது பெரியவர்கள் சொல்லும் பொய்.

கூலி காசாக வராது.
தகர வில்லை. நடுவில் ஓட்டை.
எங்கள் கடையைத் தாண்டினால்
சட்டைப் பொத்தானுக்குக்கூட ஆகாது.
மாவு, பட்டாணி, உப்புக்கண்டம், மெழுகுவத்தி
எல்லாம் என் கையால் நிறுத்தவை.

ஆகஸ்டில் ஒரு வியாழன் விடியலில்
கடலிலிருந்து காமஞ்சாக்கா ஏறி வந்தது.
எப்போதும் வரும் பனிதான்.
தண்டவாளத்தை நனைக்கும், கழுதைகளின் இமையில் தொங்கும்,
ஒன்பது மணிக்குள் வெயில் அதைச் சுருட்டிவிடும்.
அன்று
அதற்குள் நடந்து போனவர்கள்
பசியாறி வெளியே வந்தார்கள்.

முதலில் சொன்னவள் செனோபியா,
வெடிக்காரன் நிக்கானோரின் மனைவி, இரட்டைப் பிள்ளைக்காரி.
துணி காயப்போடப் போனவள்
பாதிக் கொடியில் நின்றுவிட்டாளாம்.
"ருசி இல்லை ஐயா, மணமும் இல்லை.
மூச்சை இழுத்தேன். கொஞ்ச நேரத்தில்
போதும் என்றது உடம்பு.
அந்தச் சொல்லை அது சொல்லி
நான் கேட்டதே இல்லை."

வெள்ளிக்கிழமை கடைக்கு வந்தவர் ஆறு பேர்.
சனிக்கிழமை ஒரு நாய்.
பேரேட்டைத் திறந்தேன், தேதி போட்டேன்,
மை காயும்வரை அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

விட்கோம் துரை தராசை முறைத்தார், என்னை முறைத்தார்.
கம்பெனி நிலத்தில் இறங்கும் பனி
கம்பெனியின் சரக்கு என்றார்.
கொட்டகைகளைச் சுற்றித் தகரம் அடிக்கச் சொன்னார்,
ஆளுக்கு ஒரு வில்லை தந்தால் கதவு திறக்கும்.
அடித்தவர்கள் ஆணியைப் பல்லில் கடித்தபடி
மூச்சை நன்றாக உள்ளே இழுத்துக்கொண்டே அடித்தார்கள்.
பனி தகரத்தின் மேலே வழிந்தது, அடியில் நுழைந்தது,
துரையின் படுக்கையறைக்கும் போயிற்று.
அன்று காலை அவர் முட்டையைத் தொடவில்லை என்று
சமையல்காரி டோமித்திலா சொல்லிச் சொல்லிச் சிரித்தாள்.

பிறகு அவளே
வெறும் சட்டியில் கரண்டியைச் சுற்றிக்கொண்டு நின்றாள்.
நிக்கானோர் இடுப்பு வாரின் நுனியை மென்றான்.
இரட்டையரில் ஒருத்தி ரொட்டி கேட்டு அழுதாள்,
தின்பதற்கு இல்லையாம்,
கிழிப்பதற்கு.

நான் போகவில்லை.
கடையில் எனக்குச் சாப்பாடு இலவசம்.
ஜன்னலைச் சாத்தி, விளக்கடியில் பட்டாணி தின்றேன்.
எட்டாம் நாள் பின்னிரவு மூன்று மணிக்கு
வெறுங்காலோடு தண்டவாளம் வரை போனேன்.
நடந்ததை எழுத வரவில்லை.
பற்றில் எழுதுவதா, வரவில் எழுதுவதா?
கொடுத்தவர் பெயர் இல்லை, எடை இல்லை, பாக்கி இல்லை.
திரும்பும்போது என் கட்டைவிரல் மட்டும்
கோட்டுப் பைக்குள் தனியாகக் கனத்தது.

பதினோரு நாள்.
பன்னிரண்டாம் நாளின் பனி நனைத்தது, அவ்வளவுதான்.

மதியம் வரிசை திரும்பி வந்தது.
முதலில் செனோபியா. இரண்டு கிலோ மாவு.
முன்பெல்லாம் அவள் கண் மாவை விட்டு நகராது.
பொட்டலம் கட்டுமுன் ஒரு சிட்டிகை வாயில் போட்டுக்கொள்வாள்,
நான் பார்க்காததுபோல் இருப்பேன்.
அன்று அவள் மாவைப் பார்க்கவில்லை.
தட்டின் விளிம்பைப் பார்த்தாள்.
ஏழு வருடமாக அங்கே படுத்திருக்கும்
என் கட்டைவிரலைப் பார்த்தாள்.

"ஐயா," என்றாள், சத்தம் போடாமல்,
"அந்த விரலும் என் கணக்கிலா?"

வரிசையில் யாரோ சிரித்தார்கள்.
பிறகு ஒருவரும் சிரிக்கவில்லை.
நாற்பது பேர். உச்சி வெயில்.

எடுத்தேன்.
தட்டு எழும்பியது.
இவ்வளவு எழும்பும் என்று
எனக்கே தெரியாது.