ஐந்தாவது பை

ஜீன்ஸில் ஐந்து பை.
நான் தைப்பது ஐந்தாவது:
வலப்பக்கப் பைக்குள் பதுங்கியிருக்கும் குட்டிப் பை.
இரண்டு விரல் நுழைந்தால் மூன்றாவதற்கு இடமில்லை.
ஒரு ஷிஃப்டுக்கு எண்ணூறு,
கப்பல் தேதி நெருங்கினால் தொள்ளாயிரத்து ஐம்பது.

இது எதற்கு என்று முதல் வாரமே கேட்டேன்.
மொலெஃபிக்குத் தெரியவில்லை.
தெரியாததைத் தெரியாது என்று சொல்லும்
ஒரே சூப்பர்வைசர் அவன்.
மாடிக்குப் போய்க் கேட்டு வந்தான்:
"அந்தக் காலத்தில் சங்கிலிக் கடிகாரம் வைத்தார்களாம்.
இப்போது ஒன்றும் வைப்பதில்லை.
ஆனால் பை இல்லையென்றால்
முழு லோடும் திரும்பி வந்துவிடும்."

எங்கள் மேலங்கியிலும் இரண்டு பை இருந்தன.
போன வருஷம் எழுபது ஜிப் காணாமல் போனதும்
எல்லாப் பையையும் தைத்து மூடச் சொன்னார்கள்,
எங்களையேதான்.
அந்த அரைமணி நேரத்தை டார்கெட்டில் கழிக்கவில்லை.
கோணாமல் தைத்தேன். கைப்பழக்கம்.

அதிலிருந்து டாக்சிக் காசை
லினேயோ ஷூவுக்குள் வைக்கிறாள்,
மாட்செலிசோ தலைத்துணி முடிச்சில்.
நான் வேலை விட்டதும் கன்னத்தில் அடக்கிக்கொள்வேன்.
வாசலில் எங்களைத் தடவிப் பார்ப்பவள் கெனேவுவே,
என் பக்கத்து வீட்டுக்காரி.
நேற்றிரவு என்னிடம் உப்புக் கடன் வாங்கிய கை
என் அக்குளில், இடுப்பில், காலுறையில்.
கையுறை போட்டிருக்கிறாள். மசேருக் குளிருக்கு என்கிறாள்.
ஜனவரியிலும் போட்டிருந்தாள்.
"போய் வா" என்பாள்.
நான் தலையாட்டுவேன்.

மூக்கைச் சிந்தினால் நீலம்.
சோளக்களி தொட்ட விரலும் நீலம்.
மகன் பள்ளியில் வரைந்த அம்மாவுக்கு நீலக் கை;
டீச்சர் சிவப்பு மையால் சுழித்திருந்தார்.

செவ்வாய்க்கிழமை மாட்செலிசோ வரவில்லை.
எனக்கு அடுத்த மெஷின் அவளுடையது.
நான் முடித்த கட்டுகள் அவள் மேசையில் ஏறி
ஜன்னலை மறைத்தன.
இருபது நிமிஷத்தில் மாடிக்குத் தெரிந்துவிட்டது.
காய்ச்சலா, குழந்தைக்கு ஏதாவதா,
அதை யாரும் கேட்கவில்லை.
வேலிக்கு வெளியே, உறைபனியில்
போர்வை சுற்றிக் காத்திருந்த கும்பலிலிருந்து
ஒருத்தியைக் கூட்டி வந்தார்கள்.
பத்தொன்பது வயதிருக்கும்.
மாட்செலிசோவின் பூப்போட்ட மெத்தையை
நாற்காலியிலிருந்து எடுத்து
எங்கே வைப்பது என்று சுற்றுமுற்றும் பார்த்தாள்.
கடைசியில் அதன் மேலேயே உட்கார்ந்தாள்.
மதியத்துக்குள் ஜன்னல் தெரிந்தது.

மாலை, வாசல் வரிசை.
பின்னால் நின்றவள் என் தோளைத் தொட்டாள்:
"அக்கா, நீங்கள் தைக்கிறீர்களே
அந்தக் குட்டிப் பை,
அது எதற்கு?"

பதில் எனக்குத் தெரியும்.
வாய் நிறையச் சில்லறை.