ஒரிகாரன்

சந்தைக்குப் பின்னால்
பழைய உடுப்பு மூட்டை அவிழ்த்த இடத்தில்
நூற்றைம்பது ரூபாய்க்கு எடுத்தேன் அந்தச் சட்டையை.
ஊதா நிறம். முதுகில் பதினான்கு.
அதற்கு மேலே இங்கிலீசில் ஒரு பெயர்: ஒரிஹாரா.
ஆரென்று தெரியாது. அளவு சரியாக இருந்தது.

அன்று பின்னேரம் குருநகர் மைதானத்தில்
அதை எழுத்துக்கூட்டிப் படித்தவன் கிளறன்ஸ்.
"டேய் ஒரிகாரா, இங்கால குடு!"
மீன்காரன், ஐஸ்காரன், வண்டிக்காரன் மாதிரி
ஒரிகாரன்.
றெஜினோல்ட் என்று ஞானஸ்நானத்தில் வைத்த பெயர்
வாக்காளர் இடாப்பில் மட்டும் மிஞ்சியது.

ஆளைத் தேடிப் பிடிக்க மூன்று வருடம் சென்றது,
போனில் இணையம் வந்த பிறகுதான்.
ஜப்பானின் வடக்கே, இரண்டாம் பிரிவில்,
மைதான ஓரத்தில் பனியை அள்ளிக் குவித்திருக்கும் ஓர் ஊரில்
நடுக்களத்தில் நின்றான்.
என்னைப் போல.
என்னைவிட இரண்டு வயது இளையவன்.

அங்கே பிற்பகல் இரண்டு மணி ஆட்டம்
இங்கே காலை பத்தரை.
ஞாயிறு பூசை முடிந்து வந்து
யமஹா நாற்பதைக் கழற்றி வைத்துக்கொண்டு
கார்புரேட்டருக்குப் பக்கத்தில் போனைச் சாய்த்துவிடுவேன்.
படம் நின்று நின்று வரும்.
அவன் ஓடத் தொடங்குவதும்
வேறோர் இடத்தில் நிற்பதும்தான் தெரியும்.
நடுவில் உள்ளதை நான் ஓடிக்கொள்ள வேண்டும்.

அவன் கோல் அடிப்பதில்லை.
பதினேழு வருடத்தில் ஒன்பது.
அதிலும் ஒன்று முதுகில் பட்டுப் போனது.
எஞ்சின் எடுக்க வந்த யூட் அண்ணை எட்டிப் பார்த்தார்.
"என்னடாப்பா இவன், வாங்கிறான்,
பக்கத்தில நிக்கிறவனிட்டக் குடுக்கிறான்.
இதுக்கோ சம்பளம்?"
"ஓம் அண்ணை."
"எவ்வளவு?"

பந்தைப் பார்க்கிறவர்களுக்கு அது தெரியாது.
பந்து வருமுன்
இடத்தோளுக்கு மேலால் ஒருதரம்,
வலத்தோளுக்கு மேலால் ஒருதரம்
பார்த்துக்கொள்வான்.
வந்தபின் பார்க்க மாட்டான்.

முழங்கால் கிழிந்து ஒரு வருடம் ஆளைக் காணவில்லை.
பிறகு இரவல் கொடுத்தார்கள்.
ஆளையும் இரவல் கொடுப்பார்கள் என்று அன்றுதான் அறிந்தேன்.
எங்களிடையே வலை, லைற், மிஞ்சினால் சைக்கிள்.
தாய்லாந்தில் ஒரு பருவம் ஆடினான்.
கிட்டத்தட்ட எங்கள் வெயில்.
அறுபதாவது நிமிடத்தில்
இரண்டு கையும் முழங்காலில்.
எனக்குக் கொஞ்சம் சந்தோசமாக இருந்தது,
பொய் சொல்லக்கூடாது.

திரும்பிப் போன பிறகு அந்த நவம்பர்.
சமநிலையே போதும் என்றிருந்த கடைசி ஆட்டம்.
பின்னுக்குக் கொடுத்த பந்து குறுகிவிட்டது.
எதிரணிப் பொடியன் ஒருத்தன் இடையில் புகுந்தான்.
மூன்றாம் பிரிவுக்கு இறங்கினார்கள்.
எல்லோரும் உள்ளே போக
இவன் மட்டும் ரசிகர் பக்கம் போய்
இடுப்போடு குனிந்தான்.
படம் நின்றுவிட்டதென்று போனைத் தட்டினேன்.
நிற்கவில்லை.
பின்னால் கொடி ஆடிக்கொண்டிருந்தது.
அவன் நிமிரவில்லை.

நானும் அப்படி ஒரு பந்து கொடுத்தவன்,
பாசையூரோடு இறுதி ஆட்டத்தில்.
நான் குனியவில்லை.
தகர வேலிக்கு மேலால் பாய்ந்து
சட்டையைக் கழற்றிக் கக்கத்தில் வைத்தபடி
பின் ஒழுங்கையால் வீட்டுக்கு ஓடினேன்.
இரண்டு கிழமை கடற்கரைப் பக்கம் தலைகாட்டவில்லை.

போன டிசம்பரில் ஓய்வு.
எண்பத்தெட்டாம் நிமிடம் இறக்கினார்கள்.
ஐந்து தடவை பந்து தொட்டான், எண்ணினேன்.
ஐந்தும் போய்ச் சேர்ந்தது.
மைக்கில் ஏதோ சொன்னான். அடுத்த நாள்
போன் அதைத் தமிழாக்கியது:
"நான் பந்துக்கு வழியில் நின்றேன்.
தொந்தரவுக்கு நன்றி."
பிழையாகப் போட்டதோ,
சரியாகத்தான் போட்டதோ.

சட்டையில் இப்போது நான்கு மட்டும் இருக்கிறது.
ஒன்று இருந்த பக்கத்தை
எண்ணெய் துடைக்கக் கிழித்துத் தந்துவிட்டாள் மெற்றில்டா.
அதில் கையைத் துடைக்கிறேன்.
ஜெற்றிப் பக்கமிருந்து சத்தம்:
"ஒரிகாரா, எஞ்சின் சரியோ?"
இடத்தோளுக்கு மேலால் ஒருதரம்,
வலத்தோளுக்கு மேலால் ஒருதரம்.
வேறு ஒருவரும் இல்லை. என்னைத்தான்.

"கொண்டு போகலாம் அண்ணை.
பிளக்கை மட்டும் ஒருக்கா மாத்துங்கோ."