பழுது

மேசைவிளக்கு ஒன்றுக்கு விலை பேசினேன்.
கடைக்காரன் கொசுறாகப் போட்டான்
உறையில்லாத ஓர் இசைத்தட்டை.
மோன்தேவீதியோ, ஞாயிற்றுச் சந்தை, பொடிமழை.
நடுவட்டத்தில் பச்சை மை:
நெலிதா பார்ராந்தெகி, 1974.
வேறு தகவல் இல்லை.

பாட்டென்று சொல்ல அதில் எதுவுமில்லை.
தண்ணீர்க்குழாய் முனகுகிறது.
யாரோ நாற்காலியை இழுக்கிறார்கள், நிறுத்துகிறார்கள்,
இன்னும் கொஞ்சம் இழுக்கிறார்கள்.
இதற்கா ஊசியைத் தேய்க்கிறாய் என்ற என் மனைவி
அடுப்பை அணைத்துவிட்டு வந்து நின்றாள்.

ஒன்பதாம் நிமிடம்
ஒரு லிஃப்ட் ஏறுகிறது.
முப்பது வருடமாக லிஃப்ட் பழுதுபார்த்துச் சாப்பிடுகிறவன் நான்.
கூண்டு மூன்றாம் மாடியைத் தாண்டும்போது
டக்.
அரை மூச்சு விட்டு,
டடக்.
இந்த நொண்டியை எனக்குத் தெரியும்.
துராஸ்னோ தெரு, சாம்பல் கட்டடம்,
கதவுப்பூட்டின் நாக்கு கொஞ்சம் வளைசல்.
வருடத்துக்கு இரண்டு புகார் வரும்.
நிர்வாகம் காசு தராது.
எண்ணெய் விட்டுவிட்டு வருவேன்.

அன்றுதான் புகார்க் கடிதங்களைப் புரட்டினேன்.
எல்லாமே நான்காம் மாடி.
எல்லாமே பச்சை மை.

கதவைத் திறந்தவளுக்கு எண்பது இருக்கும்.
கையில் பாதி உரித்த ஆரஞ்சு.
"இன்னுமா உடையவில்லை அது?"
இருநூறு அடித்தாளாம், பதினேழு விற்றதாம்.
மீதி, தங்கை வீட்டில் ஆலிவ் ஜாடிகளுக்கு மூடி.
ஒருநாள் பட்டாளத்துக்காரர்கள் வந்து
டேப்புகளை அள்ளிக்கொண்டு போனார்கள்,
நாற்காலி இழுபடுவதில் என்ன சங்கேதம் என்று.
திரும்பத் திரும்ப, மூன்று நாள்.
"அவ்வளவு கவனமாக
வேறு யாரும் கேட்டதில்லை."
சிரிக்கவில்லை. ஒரு சுளையை நீட்டினாள்.

ஒன்பதாம் நிமிடத்தைப் பற்றிச் சொல்லத் தொடங்கினேன்,
அந்த நொண்டித் தாளம் எனக்குள் எப்படி...
"சரிசெய்யத்தானே வந்தாய்?
ஐம்பது வருடமாக அதனால் எனக்குத் தூக்கமில்லை.
வாயால் சொன்னால் நிர்வாகம் நம்பவில்லை.
அதற்காகத்தான் பதிவே செய்தேன்."

நாக்கை மாற்றினேன், என் காசில்.
இரண்டு பேரும் ஏறினோம்.
மூன்றாம் மாடி
ஒன்றும் சொல்லாமல் கீழே போனது.
அவள் தலை மட்டும்
வராத அந்த டடக்கின் பக்கம்
ஒரு நொடி சாய்ந்து நிமிர்ந்தது.

வேலைச்சீட்டில் கையெழுத்திட்டாள்.
போகும்போது, கழற்றிய நாக்கைக் கேட்டாள்.
கம்பெனிச் சொத்து, தர முடியாது என்றேன்.

பொய்.