கறுப்பு தீர்ந்த பக்கம்

முசாஃபா, பதினோராம் அறை, மேல் கட்டில்.
ஏசி சொட்டும் இடத்தில் ஒரு வாளி.
படம் குருசு, வசனம் நான்.
தாள், சிமெண்ட் இறக்கிய ரசீதுகளின் முதுகு.
கறுப்புக்கு ஷூ பாலிஷ், இரண்டு சொட்டு டீசல்.

எங்கள் நாயகன் நாற்பதாம் மாடியில் தொங்குகிறவன்.
பறக்கத் தெரியாது.
ஒரே ஒரு சக்தி:
கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருப்பவர்கள்
அவனைப் பார்ப்பதில்லை.
அவன் துடைக்கத் துடைக்க
அவர்களுக்குக் கடல் தெரிகிறது.
மூன்று வாரம் யோசித்தும் பெயர் அமையவில்லை.
அந்தக் கட்டத்தைக் காலியாக விட்டோம்.

எதிரிக்கு முதல் நாளே பெயர் வந்துவிட்டது.
பெட்டகத்தான்.
நெஞ்சே இரும்பு அலமாரி.
திறந்தால் எழுநூறு பாஸ்போர்ட்,
எழுநூறு முகம், ஒன்றுகூடச் சிரிக்காது.
எவன் பெயரை அவன் உரக்கப் படிக்கிறானோ
அவனை விட்டு அந்தப் பெயர் போய்விடும்,
எண் மட்டும் மிஞ்சும்.

குருசு அவனை எத்தனை ஆசையாக வரைந்தான்!
நாயகனின் கை எப்போதும் கோணல்.
பெட்டகத்தானுக்கோ நகக்கண் வரை துல்லியம்.
கேட்டேன்.
"இவனத்தானல தெனமும் பாக்கேன்" என்றான்.

வியாழன் இரவுகளில் தாள்கள் கட்டில் கட்டிலாகப் போகும்.
பலூச்சி டிரைவருக்குத் தமிழ் தெரியாது,
ஆனாலும் சரியான கட்டத்தில் கெட்ட வார்த்தை சொல்வார்.
சமையல்கார இபுராகீம்சா
"எப்பப்பா அவனக் கொல்லப் போறீங்க" என்று
பத்தொன்பதாம் பக்கத்தில் மீன்குழம்பு விரலை வைத்தார்.
அதை இரத்தமாக்கிக்கொண்டோம்.

ஜூலையில் குருசுவை கேம்ப் ஆபீசுக்கு மாற்றினார்கள்.
கையெழுத்து அழகாம்.
இடுப்பில் சாவிக்கொத்து.
அது குலுங்கும் சத்தம் கேட்டால்
கக்கூஸ் வரிசையில் பேச்சு நிற்கும்.
ஒருநாள் என்னை
"நாலு ஆறு ஒண்ணு எட்டு" என்று கூப்பிட்டான்,
கூப்பிட்டதும் நாக்கைக் கடித்துக்கொண்டான்.
நான் திரும்பிப் பார்த்துவிட்டேன்.
அதுதான் இன்னும் உறுத்துகிறது.

கடைசிப் பக்கத்தை நானே வரைந்தேன்.
கண்ணாடியை உடைத்து நாயகன் நுழைகிறான்.
பெட்டகத்தான் தடுக்கவில்லை, நிற்கிறான்,
களைத்துப்போனவன் மாதிரி.
நெஞ்சைத் திறந்து ஒவ்வொன்றாக எடுத்து வீச,
எழுநூறும் புறாக்களைப் போலவெல்லாம் பறக்கவில்லை,
கட்டுக்கட்டாக விழுந்தன.
அடியில் எழுநூற்றொன்று.
விரித்தால் பெட்டகத்தானின் படம்,
மீசை முளைக்காத வயதில்.
காலாவதியாகி ஆறு வருடம்.

அன்றிரவு குருசு வந்தான்.
சாவியைக் கழற்றி வாளிக்குப் பக்கத்தில் வைத்தான்.
பக்கத்தை டியூப்லைட்டில் பிடித்து வெகுநேரம் பார்த்தான்.
ஒன்றும் சொல்லாமல்
என் கோணல் கையைச் சுரண்டி எடுத்துத் தானே போட்டான்.
முதல் தடவையாக நாயகனின் கை சரியாக வந்தது.

அந்தக் கை எழுநூற்றொன்றை அவனிடம் நீட்டுகிறதா
தன் பையில் செருகுகிறதா
என்று கேட்பதற்குள் பாலிஷ் தீர்ந்துவிட்டது.
ஜன்னலுக்கு வெளியே இரவு போட வேண்டும்,
கறுப்பு இல்லை.
மறுபக்கத்து எழுத்து அங்கே தெரிகிறது,
தலைகீழாக:
சிமெண்ட், ஐம்பது கிலோ, நானூறு மூட்டை,
பெற்றுக்கொண்டவர் கையொப்பம்.